சாமான்

"மலாய்க்குக் கொண்டுவரச் சிரமமான தமிழ்ச் சொல் ஒன்றைச் சொல்" என்று நேர்முகம் நடத்திய அதிகாரி மலாயில் கேட்டார். இங்கே அவரைத் துவான் என்றுதான் மரியாதையாகக் கூப்பிட வேண்டும்.

"சாமான்" என்றேன்.

துவானுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த தம்புசாமி சிரித்துவிட்டார். இந்தக் கோர்ட்டில் இருபத்திரண்டு வருடமாகத் தமிழ் மொழிபெயர்ப்பாளர். அடுத்த மாதம் ஓய்வு பெறுகிறார். அவருடைய நாற்காலிக்குத்தான் இந்த நேர்முகத் தேர்வு.

நான் உள்ளே வந்ததிலிருந்தே அவருக்கு என்னைப் பார்த்தால் வேடிக்கைதான். "பேரு திலகவதி. நெத்தியில பொட்டக் காணோம். வேதக்காரியாம்மா, சர்ச்சுக்குப் போறியா?" என்று கேட்டிருந்தார்.

"டிகிரி முடிச்சிட்டு வந்து சாமான்ங்கிறியே. பாராங். முடிஞ்சது கதை. இதுல என்ன கஷ்டம் லா?"

முடிந்தது கதை.

பாராங் என்ற அதே சொல்லை ஐந்து வருடத்துக்கு முன், தொண்ணூறில், இதே கட்டடத்தின் மாடியில் அவர் வாயால் கேட்டேன்.

கூண்டில் நின்றது என் அண்ணன் கணேஸ்வரன். மெர்லிமாவ் பக்கத்து எஸ்டேட்டில் லோரி ஓட்டியவன். தெரிந்தவர் ஒருவர் ஒரு பையைக் கொடுத்து, பாச்சாங்கில் அக்கா வீட்டு விசேஷத்துக்குச் சாமான், போகிற வழியில் கொடுத்துவிடு என்றிருக்கிறார். மோட்டார் சைக்கிளில் மாட்டிக்கொண்டு போனான்.

ரோடு பிளாக்கில் போலீஸ் பையைப் பிரித்தது. மேலே பருப்பு, அப்பளம், சார்டின் டின். அடியில் ஒரு கிலோவுக்கு மேல் கஞ்சா. பையைக் கொடுத்தவர் அன்றைக்கே காணாமல் போனார்.

கோர்ட்டில் அண்ணன் சொன்னான்: "பையில சாமான் இருக்குன்னு தெரியும் ஐயா."

தம்புசாமி அதை மலாயில் சொன்னார். "பையில் பாராங் இருப்பது எனக்குத் தெரியும்."

அகராதி அவர் பக்கம். பாராங் என்றாலும் பொருள்தான். ஆனால் போதைப்பொருள் வழக்கில், பிடித்த போலீஸ்காரர் முதல் தீர்ப்புச் சொன்ன நீதிபதி வரை, அந்தச் சொல்லுக்கு ஒரே அர்த்தம்தான்: போதைச் சரக்கு.

கஞ்சா இருப்பது தெரியும் என்று அவனே ஒப்புக்கொண்டதாக ஆயிற்று. வக்கீலுக்குத் தமிழ் தெரியாது. நான் பெஞ்சிலிருந்து எழுந்து, "அது இல்லை, அது இல்லை" என்று கத்தினேன். ஒரு போலீஸ்காரர் தோளைப் பிடித்து அமுக்கி உட்காரவைத்தார்.

தெரிந்து கொண்டுபோனால் தூக்கு. அந்தச் சட்டத்தில் நீதிபதி நினைத்தாலும் வேறு தண்டனை கொடுக்க வழியில்லை. அப்பீல் போனோம். கோலாலம்பூரில் மூன்று நீதிபதிகள் அதே வாக்கியத்தைப் படித்தார்கள். கருணை மனுவை நானே எழுதினேன்.

எங்கள் எஸ்டேட் லயத்தில் முதல் டிகிரி என்னுடையது. மலாய் மொழிதான் எடுத்தேன். டீச்சர் வேலைக்குப் போ என்றார்கள். எனக்கு இந்த நாற்காலிதான் வேண்டும். இனி ஒருத்தன் வாயில் அந்தச் சொல் வந்தால், பக்கத்தில் நான் இருக்க வேண்டும்.

துவானிடம் மலாயில் சொன்னேன். "எங்கள் எஸ்டேட்டில் சாமான் என்றால் அரிசி, பருப்பு. அதை வெறும் பாராங் என்று சொல்லி நிறுத்தினால் அரிசி கஞ்சாவாகிவிடும். என்ன சாமான் என்று அவனிடமே திருப்பிக் கேட்க வேண்டும். அதற்கு நீதிபதியிடம் ஒரு நிமிடம் வாங்க வேண்டும்."

தம்புசாமியின் சிரிப்பு பாதியில் நின்றது. என்னிடம் தமிழில் சொன்னார்.

"அந்த ஒரு நிமிஷத்தக் கேட்டா ஜட்ஜ் கத்துவாரும்மா. ஒரு நாளைக்கு எத்தன கேஸ் தெரியுமா?"

"கத்தட்டும் ஐயா. கத்துனா நம்ம காதுதான் வலிக்கும். யார் கழுத்தும் வலிக்காது."

துவானுக்குத் தமிழ் புரியவில்லை. என்ன சொல்கிறாள் என்று தம்புசாமியிடம் கேட்டார்.

"நீதிபதி கோபப்பட்டாலும் பரவாயில்லை என்கிறாள், துவான்."

"ஐயா, கழுத்த விட்டுட்டீங்க" என்றேன்.



துவானுக்கு முன்னால் கிடந்த என் விண்ணப்பத்தைத் தம்புசாமி மெதுவாகத் தன் பக்கம் இழுத்தார். திலகவதி என்பது அவருக்குத் தெரியும். அதற்குப் பின்னால் இருந்ததை இப்போதுதான் படித்தார். தந்தை பெயர் இருளாண்டி. அவர் விரல் அங்கேயே நின்றது. கணேஸ்வரன், தந்தை பெயர் இருளாண்டி என்று அந்த விசாரணை முழுக்க வாசித்தவர் அவர்தானே.

கண்ணாடியைக் கழற்றினார். பிறகு துவானிடம் நான் சொன்னதை முழுதாகச் சொன்னார். காது, கழுத்து, ஒன்றையும் விடவில்லை.

துவான் தலையாட்டினார். ஏதோ எழுதிக்கொண்டார். அவருக்கு என்னைப் பிடித்துவிட்டது போலிருந்தது.

"எடுத்துக்கொண்டால், இவர் போவதற்குள் கூட இருந்து பழகிக்கொள்ள வேண்டும். நாளைக்கே வர முடியுமா?"

"முடியும் துவான். வரும் சனிக்கிழமை மட்டும் முடியாது."

"சனிக்கிழமை அரை நாள்தானே. ஏன்?"

மலாய் எனக்கு நன்றாகத் தெரியும். ஆனாலும் தமிழில் சொன்னேன், தம்புசாமியைப் பார்த்து.

"எங்கண்ணனுக்குக் கருமாதி. போன வெள்ளிக்கு முந்தின வெள்ளி விடிகாலையில தூக்குல போட்டாங்க."

மொழிபெயர்ப்புக்காக அவரைப் பார்த்தபடி துவான் காத்திருந்தார்.

"சொல்லுங்க ஐயா" என்றேன். "சரியாச் சொல்லுங்க."