பச்சைச் சிம்காவில் பரீட்சை

திங்கட்கிழமைக்குள் லைசென்ஸ் கிடைத்தால் கப்ரியேல் டிரைவர். கிடைக்காவிட்டால் பழையபடி சைகோனின் டான் சோன் நாட் விமான நிலையத்தில் பெட்டி தூக்க வேண்டியதுதான். விமானக் கம்பெனி மானேஜர் தெளிவாகச் சொல்லிவிட்டார். கப்ரியேலின் முதுகும் இனிமேல் முடியாது என்று தெளிவாகச் சொல்லிக்கொண்டிருந்தது.

சாலை விதிகளை அவன் கரைத்துக் குடித்திருந்தான். "வலது பக்கமிருந்து வருபவனுக்கே முதல் வழி" என்று தூக்கத்தில்கூட பிரெஞ்சில் உளறுவதாக மனைவி எலென் சொன்னாள். ஒரே குறை, பரீட்சைக்குக் கொண்டுபோக அவனிடம் கார் இல்லை.

எலெனின் அண்ணன் ழாக், சைகோன் துறைமுகத்துக்குப் பக்கத்தில் ஒரு தகரக் கொட்டகையில் மெக்கானிக் ஷெட் வைத்திருந்தான். பரீட்சையன்று காலை, பளபளவென்று ஒரு பச்சைச் சிம்கா காரைக் கொண்டுவந்து வாசலில் நிறுத்தினான்.

"யாரு வண்டி மச்சான்?"

"என்னுதுதான்."

"போன வாரம்வரைக்கும் சைக்கிள்லதானே போய்க்கிட்டிருந்தே?"

"உனக்குக் காரு வேணுமா, கதை வேணுமா?"

புது பெயின்ட் வாசனை மூக்கைத் துளைத்தது. கதவு இடுக்கில் நகக்கண் அளவுக்கு நீலம் எட்டிப் பார்த்தது. எலென் அதைப் பார்த்தாள். பிறகு அண்ணனைப் பார்த்தாள். சிலுவை போட்டுக்கொண்டாள்.

கப்ரியேல் திங்கட்கிழமையை நினைத்துக்கொண்டு சாவியை வாங்கினான்.

பரீட்சை அதிகாரியின் பெயர் லாம். ஒல்லியான உடம்பு, கறுப்புக் கண்ணாடி. சிரிக்க மாட்டார். யாரிடமும் ஒரு சிகரெட்கூட வாங்க மாட்டார். அவரிடம் தேறி வந்தவர்கள் நேரே மாதா கோயிலுக்குப் போய் மெழுகுவத்தி ஏற்றுவார்கள்.

பிரெஞ்சு வண்டி என்பதால் ஸ்டீயரிங் இடது பக்கம்; லாம் வந்து வலது பக்கம் உட்கார்ந்தார். அந்த இருக்கை முன்னாலும் போகாது, பின்னாலும் வராது. காலையில் கப்ரியேல் அதோடு மல்லுக்கட்டிப் பார்த்துக் கைவிட்டிருந்தான். லாம் குனியக்கூட இல்லை. இடது கையை அடியில் விட்டு எதையோ தூக்கினார், குதிகாலால் ஓர் உதை விட்டார். இருக்கை வெண்ணெய் போல வழுக்கிப் பின்னால் போனது.

கப்ரியேல் இருக்கையைப் பார்த்தான், லாமைப் பார்த்தான்.

எதிரே இருந்த சின்னப் பெட்டியின் மூடியை லாம் ஒரு குத்து குத்தினார். அது திறந்துகொண்டது. பிறகு கறுப்புக் கண்ணாடியைக் கழற்றிவிட்டு மேலே பார்த்தார். கூரைத் துணியில் சிகரெட் சுட்ட ஓட்டை ஒன்று இருந்தது. அதில் சுண்டுவிரலை நுழைத்தார். கச்சிதமாகப் பொருந்தியது.

"இந்த வண்டி முன்பு என்ன கலர்?" என்று பிரெஞ்சில் கேட்டார்.

"பச்சை, முசியே. பிறந்ததிலிருந்தே பச்சை."

"ஓட்டுங்கள்."

கரைத்துக் குடித்த விதிகள் எல்லாம் வியர்வையாக வெளியேறிவிட்டன. பென் தான் மார்க்கெட் ரவுண்டானாவில் வலது பக்கமிருந்து வந்த சைக்கிள் ரிக்‌ஷாவுக்கு அவன் வழி விடவில்லை. அந்த ஆள் வியட்நாமிய மொழியில் கப்ரியேலின் பரம்பரையையே விசாரித்தான். கரும்புச்சாறு கடையின் பெஞ்சு ஒன்று கொஞ்ச தூரம் காரோடு கூடவே வந்தது. சிவப்பு விளக்கைத் தாண்டிப் போன பிறகுதான் அது சிவப்பு என்றே அவனுக்கு உறைத்தது. போலீஸ்காரர் விசில் ஊதிக்கொண்டே மேடையிலிருந்து குதித்தார்.

"நிற்காதீர்கள்!" என்றார் லாம். இருக்கையில் சறுக்கி, தலை வெளியே தெரியாத அளவுக்குக் கீழே இறங்கிவிட்டார்.

தான் கார் ஓட்டும் லட்சணத்தைக் கண்டு மனிதர் பயந்துவிட்டார் என்று கப்ரியேல் நினைத்தான். அவமானமாக இருந்தது.

"யாரிடம் வாங்கிய வண்டி?" கீழேயிருந்து குரல் வந்தது.

"மனைவியின் அண்ணன் கொடுத்தான், முசியே."

"பெயர்?"

பொய் சொல்ல வாய் வரவில்லை. "ழாக். துறைமுகத்துப் பக்கம் ஷெட் வைத்திருக்கிறான்."

லாமின் தாடை இறுகியது. "இடது பக்கம் திரும்புங்கள்."

அது போலீஸ் தலைமை அலுவலகத்துக்குப் போகும் சாலை. கப்ரியேலுக்குக் கிளட்ச் எது, பிரேக் எது என்பது மறந்துபோய், கார் தவளை போலத் துள்ளித் துள்ளிப் போனது. மச்சானுக்கு விலங்கு, தனக்கும் விலங்கு, வாசலில் அழுதுகொண்டு எலென் என்று எல்லாம் கண்முன்னே வந்தது.

போலீஸ் அலுவலகத்துக்கு முன்னாலேயே, ஆளில்லாத ஒரு சந்துக்குள் திருப்பி ஒரு புளியமரத்தடியில் நிறுத்தச் சொன்னார் லாம். பரீட்சைப் படிவத்தை எடுத்தார். 'தேர்ச்சி' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு நீட்டினார்.

கப்ரியேல் அதை வாங்கவில்லை. பெஞ்சை இழுத்துக்கொண்டு போனவனுக்குத் தேர்ச்சியா? இது ஏதோ பொறி என்று தோன்றியது. கையெடுத்துக் கும்பிட்டான்.

"முசியே, இது உங்கள் வண்டிதான். எனக்குப் புரிந்துவிட்டது. லைசென்ஸே வேண்டாம், நான் பெட்டியே தூக்கிக்கொள்கிறேன். வண்டியை எடுத்துக்கொள்ளுங்கள். மச்சானை மட்டும் போலீசில் பிடித்துக் கொடுத்துவிடாதீர்கள். எலென் தாங்க மாட்டாள்."

"கத்தாதீர்கள்!" லாம் பதறிப்போய் இரண்டு பக்கமும் பார்த்தார். படிவத்தை அவன் சட்டைப் பையில் திணித்தார். "இன்றைக்கே இதை ஊருக்கு வெளியே, பின் யுவோங் பக்கம் எங்காவது ஓட்டிக்கொண்டு போய்விடுங்கள். சைகோனில் இது யார் கண்ணிலும் படக் கூடாது."

"உங்கள் வண்டி உங்களுக்கு வேண்டாமா?"

லாம் கறுப்புக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, பல்லைக் கடித்தபடி சொன்னார்:

"இது திருடு போய்விட்டதாக இன்ஷூரன்ஸ் கம்பெனிக்கு எழுதிக் கொடுத்துவிட்டு, துண்டு துண்டாகக் கழற்றிப் போடச் சொல்லி உங்கள் மச்சானிடம் நானேதான் கொண்டுபோய் விட்டேன்; அந்தத் திருட்டுப் பயல் பெயின்ட் அடித்து, பரீட்சைக்கு என்னிடமே அனுப்பியிருக்கிறான்!"