தீ பட்ட முகூர்த்தப் பட்டு

என் மகள் வேல்விழியின் முகூர்த்தப் பட்டு எரிந்த கதையை நான் பல வருஷங்களாக முழுசாக நம்பவில்லை. அவள் சொன்ன கதை அது. பழி விழுந்தது அவள் நாத்தனார் அனுசியாமேல். நம்பாமலே ஏன் எல்லோரிடமும் தலையாட்டினேன் என்று என்னையே பலமுறை கேட்டிருக்கிறேன்.

போன வாரம் தில்லைநாயகம் குற்றாலத்தில் எங்கள் வீட்டுக்கு வந்தார். புளியங்குடியில் எலுமிச்சை மண்டி வைத்திருப்பவர். மகன் மகாராஜாவுக்கு அனுசியாவைப் பார்த்திருந்தார்கள்.

"அண்ணாச்சி, சுத்தி வளைக்காமக் கேக்கேன். பையனுக்குப் பொண்ணப் பிடிச்சிட்டு. வீட்டுக்காரிதான் மறிக்கா. அண்ணன் பொண்டாட்டி கட்டப்போற பட்டையே பொறாமையில எரிச்சவளாம்லா?"

"யாரு சொன்னா?"

"தென்காசில பாதிப் பேரு சொல்லுதான். எங்க வீட்டுல மூத்த மருமக வேற இருக்கா. நாளைக்கு அவ சேலையும் பத்திக்கிட்டுன்னா நான் எங்க போயி அழ?"

அனுசியாவுக்கு இதற்கு முன் வந்த இடமும் இதே பேச்சில்தான் நின்றுபோனது.

வேல்விழி அன்று பிள்ளையோடு எங்கள் வீட்டில் இருந்தாள். காபியைக் கொண்டுவந்து அவர் முன்னால் வைத்தாள்.

"நீயே சொல்லும்மா," என்றார் அவர். "உன் நாத்தனாதான."

"நான் என்ன சொல்ல மாமா? அப்போ சின்னப் புள்ள. புத்தி அப்படிப் போயிட்டு. நான் அன்னைக்கே மன்னிச்சிட்டேன்."

"அப்ப நடந்தது நெசந்தான்."

அவள் அடுக்களைக்குப் போய்விட்டாள். மன்னிச்சிட்டேன் என்ற அந்த வார்த்தை என்னைக் கல்யாணத்துக்கு முந்தைய நாட்களுக்கு இழுத்துப்போனது.

எங்கள் பக்கம் முகூர்த்தப் பட்டை மாப்பிள்ளை வீட்டார்தான் எடுப்பார்கள். ஆனால் சம்பந்தி குருவம்மாள் தாராள மனசுக்காரி. "கட்டப்போறவ அவ. அவளே எடுக்கட்டும்," என்று தென்காசிக் கடையில் ஒதுங்கி உட்கார்ந்துவிட்டாள். வேல்விழி புரட்டிப் புரட்டிப் பார்த்து ஒரு சந்தனக் கலர் பட்டைத் தொட்டு, "இதுதான்" என்றாள்.

ஜாக்கெட் தைக்க அந்தச் சேலை எங்கள் வீட்டுக்கு வந்தபோது மகள் முகம் தொங்கிவிட்டது.

"அப்பா, கடை லைட்டுல தங்கம் மாதிரி இருந்துது. வெயில்ல பாருங்க, வெளுத்துப்போய்க் கிடக்கு. இதக் கட்டுனா நோயாளி மாதிரி இருப்பேன். வீடியோல காலம் பூரா அப்படியே நிப்பேன்."

"நீ எடுத்ததுதானட்டி. இப்ப மாத்தணும்னா அந்த அம்மா என்ன நெனைக்கும்? வாயத் தெறக்காத."

அவள் வாயைத் திறக்கவில்லை.

சேலையைக் கல்யாணத்துக்கு முன்னால் குலசாமி காலடியில் வைத்துக் கும்பிடுவது சம்பந்தி வீட்டு வழக்கம். பண்பொழிப் பக்கம் அவர்கள் சாஸ்தா கோயில். சாமி முன்னால் வைத்த சேலையை அதற்கப்புறம் மாற்றக் கூடாது. தீ பட்டுவிட்டால் மட்டும் அது மணவறைக்கு ஆகாது. வேறு எடுத்தே தீர வேண்டும்.

இரு வீட்டாரும் அங்கே போன அன்று, நாங்கள் வெளியே பொங்கல் பானையைச் சுற்றி நின்றோம். சேலைத் தட்டுக்குக் காவலாக உள்ளே வேல்விழியும் அனுசியாவும் இருந்தார்கள். முடி பொசுங்கிய மாதிரி வாடை வந்தது. ஓடிப்போய்ப் பார்த்தால் சேலையின் முந்தி கருகியிருந்தது.

"யாருட்டி இது?" என்றாள் குருவம்மாள்.

"என் கைதாம்மா," என்றாள் அனுசியா. "வெளக்குல இடிச்சுட்டேன். அது சேலை மேல சரிஞ்சிட்டு."

அத்தனை பேர் முன்னாலும் குருவம்மாள் மகளை அறைந்தாள். வயசுப் பெண்ணை. அனுசியா அழவில்லை.

வீட்டுக்கு வந்ததும் வேல்விழி சொன்னாள்: "கை தவறி இல்லப்பா. வேணும்னே சரிச்சுவிட்டா. எனக்கு நல்ல பட்டு எடுத்துட்டாங்கன்னு பொறாமை." அது என் வீட்டிலிருந்து உறவுக்கும் உறவிலிருந்து ஊருக்கும் போயிற்று. கல்யாணத்தன்று மகள் அரக்குப் பட்டில் வந்தாள். எல்லோரும் லட்சணம் என்றார்கள்.

கூடத்தில் தில்லைநாயகம் காபியைக் குடிக்காமல் எழுந்தார்.

"அப்ப நான் வாரேன் அண்ணாச்சி. வேற எடம் பாத்துக்கிடுதோம்."

"ஒரு நிமிஷம் உக்காருங்க."

அடுக்களைக்குள் போனேன். வேல்விழி பிள்ளைக்குச் சோறு பிசைந்துகொண்டிருந்தாள்.

"வெளக்குச் சரிஞ்சா எண்ணெய் கொட்டணும்லா?"

"என்னப்பா திடீர்னு?"

"அன்னைக்கு அந்தச் சேலைய எடுத்து மடிச்சது நான். ஒரு சொட்டு எண்ணெய் இல்ல. வெளக்கு வச்ச எடத்துலயே நின்னு எரிஞ்சுது."

அவள் கை நின்றது. "அது இப்ப எதுக்கு?"

"அந்த மனுஷன் எந்திரிச்சிட்டாரு. அவரு படியிறங்கிட்டா அந்தப் புள்ளைக்கு இதுவும் போச்சு."

"நான் என்ன செய்ய? அவளேதான ஒத்துக்கிட்டா."

"ஒத்துக்கிட்டா," என்றேன். "ஏட்டி, நீ முந்தியத் தீயில காட்டுனத நேர்ல பாத்துட்டு, உன் கல்யாணம் நின்னுறக் கூடாதேன்னுதான அவ ஒத்துக்கிட்டா?"