இட்லிப் பானைக்குள் கைப்பேசி

மாலை ஆறு மணி ஆனதும் கைப்பேசியை இட்லிப் பானைக்குள் வைத்து மூடிவிடுவது, எட்டு மணிக்குத்தான் எடுப்பது என்று வசுமதி தனக்குத்தானே ஒரு கட்டுப்பாடு விதித்துக்கொண்டாள். முதல் நாலு நாள் அடுப்படியிலிருந்து பானை கூப்பிடுவதுபோலவே இருந்தது. அப்புறம் அவளுக்குப் பழகிவிட்டது. கட்டைவிரலுக்கு மட்டும் பழகவில்லை. வெண்டைக்காய் நறுக்கிவிட்டுக் கையைத் துடைத்தால், கைப்பேசியில் அடுத்த காணொளிக்குத் தள்ளுவதுபோல அது துண்டைக் கீழிருந்து மேலாகத் தள்ளிக்கொண்டேயிருந்தது. சுவரில் கை வைத்தால் சுவரைத் தள்ளியது. மறு கையால் பொத்திப் பிடித்தால் உள்ளுக்குள் அறுந்த பல்லிவால்போலத் துடித்தது.

பத்தாம் நாள், ஏழு வயது மகள் ஆதிரை மடியில் வந்து உட்கார்ந்தாள். பள்ளிக்கூடத்தில் மதியம் சாப்பிடும்போது தன் பக்கத்தில் யாருமே உட்காருவதில்லை என்று மெல்ல ஆரம்பித்தாள். இந்த முகத்தை இப்படிப் பார்த்து எத்தனை நாளாயிற்று என்று நினைத்தபடி வசுமதி அவள் கன்னத்தில் கை வைத்தாள். கட்டைவிரல் கன்னத்தைக் கீழிருந்து மேலாக ஒருமுறை தள்ளியது.

ஆதிரை பாதியில் நிறுத்தினாள். அழவில்லை. மடியிலிருந்து இறங்கினாள்.

“எங்கடி போற? சொல்லி முடி.”

“நீதான் தள்ளிட்டியேம்மா.”

உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். வசுமதி எழுந்திருப்பதற்குள் கதவு திறந்தது. ஆதிரை வாயெல்லாம் சிரிப்பாக ஓடிவந்து மறுபடி மடியில் ஏறினாள்.

“அம்மா, இன்னிக்கு எங்க மிஸ் நாற்காலியிலேர்ந்து விழுந்துட்டாங்க, தெரியுமா?”

சொல்லிக்கொண்டே இருந்தாள். கண் மட்டும் அம்மாவின் கட்டைவிரலை விட்டு நகரவில்லை.