கோணி முகம்

“அக்கா, ஊசி! கண்ணு பத்திரம்.”

“அசையாம இரு.”

கோணித்துணி முகமூடியை அவன் தலையில் மாட்டியபடியே தைத்துக்கொண்டிருந்தாள் காஸ்ட்யூம் அக்கா. படத்தில் வீடு புகுந்து மிரட்டுகிற கொலைகாரன் அவன்தான். ஆள் வாட்டசாட்டம் என்பதால் எல்லோருக்கும் கரடி.

எண்பதுகளில் தெருவுக்குத் தெரு முளைத்த வீடியோ கடைகளை நம்பி எடுக்கிற பேய்ப்படம். ஒரு வாடகை வீடு, ஒரு கேமரா, ஒரு கோணிப்பை. பட்ஜெட் அவ்வளவுதான்.

“மூச்சு முட்டுதுக்கா. மூக்குகிட்ட ஓட்டையைக் கொஞ்சம் பெரிசாக்கக் கூடாதா?”

“உனக்கு இது போதும்.” நூலை இன்னும் இறுக்கினாள்.

காலையில் டைரக்டர் சொன்னதை அவளும் கேட்டுக்கொண்டுதான் இருந்தாள்.

“நீ ஜன்னல் வழியா வருவேன்னுதான் ஹீரோயின் நினைச்சிட்டிருப்பா. நீ அலமாரிக்குள்ள இரு. திறந்ததும் பாய்ஞ்சு கழுத்தைப் பிடி. நிஜமாவே பயப்படட்டும். சும்மா கத்தச் சொன்னா அவளுக்குக் கத்தவே வரலை.”

கரடி பல்லெல்லாம் தெரியச் சிரித்தான். “ஜமாய்ச்சிடலாம் சார்.”

டைரக்டர் அக்கா பக்கம் திரும்பினார். “யாராவது அவகிட்ட வாயைத் திறந்தா, இன்னிக்கே மூட்டையைக் கட்டிக்கலாம்.”

கதாநாயகி புதுப்பெண். அக்காவோடுதான் அறையில் தங்கியிருந்தாள். சின்ன வயதில் வீட்டுக்குள் திருடன் புகுந்து, விடியும்வரை கட்டிலுக்கு அடியில் கிடந்தவள். இப்போதும் விளக்கை அணைத்தால் தூங்கமாட்டாள். அவள் கழுத்தைப் பிடிக்கத்தான் இந்தத் தடியன் இப்படிச் சிரிக்கிறான்.

வெள்ளைக் கவுனுக்குக் கொக்கி மாட்டும்போது அக்கா இரண்டு முறை சொல்ல வாயெடுத்தாள்.

“என்னக்கா?”

“ஒண்ணுமில்ல. நிமிர்ந்து நில்லு.”

ஜன்னல்களில் கறுப்புத் துணி, விளக்குகளில் நீலக் காகிதம். வெளியே பட்டப்பகல், உள்ளே நிலாவெளிச்சம். புகை தரையோடு தவழ்ந்து நாற்காலிக் கால்களை விழுங்கியது. வீடே தண்ணீருக்கடியில் கிடப்பதுபோல் இருந்தது. அதற்குள் வெள்ளைக் கவுன், தூக்கத்தில் நடப்பதுபோல், அலமாரியை நோக்கி மிதந்துபோனது. கேமரா மட்டும் வண்டாக ரீங்கரித்தது.

அலமாரிக்குள் லேசாக ஏதோ தட்டியது. எலியாக இருக்கும்.

அவள் கதவைத் திறந்தாள். கோணி முகம் பாய்ந்தது.

அந்த அலறலில் அக்கா கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

“கட்! பார்த்தீங்களாய்யா?” டைரக்டர் துள்ளினார். “இதெல்லாம் நடிச்சு வராது. நிஜ பயம்!”

அக்கா துண்டோடு ஓடினாள். “தண்ணி குடி கண்ணு. ரொம்பப் பயந்துட்டியா?”

டம்ளரை வாங்கிய கையில் நடுக்கமே இல்லை. அக்காவின் காதோரம் குனிந்தாள்.

“நல்லாக் கத்தினேனாக்கா?”

“உனக்கு... தெரியுமா?”

“கரடி அண்ணன் காலையிலேயே சொல்லிட்டார். கொல்லைப்பக்கம் ஒத்திகைகூடப் பார்த்தோம். பாயறதுக்கு முன்னாடி உள்ளேர்ந்து தட்டறேன்னார், தட்டினார். கத்தறதைக்கூட அவர்தான் சொல்லிக்குடுத்தார். தொண்டையிலேர்ந்து இல்லையாம், வயித்திலேர்ந்தாம்!” சிரிப்பை அடக்கிக்கொண்டாள். “டைரக்டருக்குத் தெரிஞ்சா அவர் வேலை போயிடும். யார்கிட்டயும் சொல்லிடாதீங்க.”

அக்கா டம்ளரைத் திரும்ப வாங்கிக்கொண்டாள்.

“உங்களுக்குத் தெரிஞ்சிருக்காது. தெரிஞ்சிருந்தா நீங்களே வந்து சொல்லியிருப்பீங்க, இல்லக்கா?”

அக்கா அவள் கவுன் கொக்கியைச் சரிசெய்தாள். அது சரியாகத்தான் இருந்தது.

வாசற்படியில் கரடி உட்கார்ந்து இருமிக்கொண்டிருந்தான். மூக்கைச் சுற்றி நூல் அழுந்திய தடம். அவளைக் கண்டதும் மடியிலிருந்த முகமூடியை நீட்டினான்.

“அடுத்த ஷாட்டுக்கு இன்னும் இறுக்கணுமாக்கா?”

அவள் அதை வாங்கிக்கொண்டு அவன் பக்கத்தில் உட்கார்ந்தாள். மூக்கு வரும் இடத்தை அகலமாகக் கத்தரித்து, ஓரம் குத்தாமலிருக்க மடித்துத் தைக்க ஆரம்பித்தாள்.