பூக்காத மலைச்செடி

மகன் எல்தார் உச்சிமலையிலிருந்து கொண்டுவந்து முற்றத்துச் சரளையில் நட்ட செடி, மூன்று கோடையாகப் பூக்கவேயில்லை. ஆனாலும் தாய் உல்ஜான் தினமும் வெயில் ஏறியபின், பனியாற்றுத் தண்ணீரை வேரோரம் மட்டும் பார்த்துப் பார்த்து ஊற்றுவாள்.

“ஆட்டுக்குட்டியக்கூட நீ இப்படிப் பார்த்ததில்ல. ஒரு பூவாச்சும் காட்டுச்சா அது?” என்பான் கணவன் சாதிர்.

“இங்க அதுக்குக் குளிர் பத்தலைங்க.”

அன்று சாதிர் மேய்ச்சலிலிருந்து சீக்கிரமே திரும்பினான். உல்ஜான் குனிந்து மொட்டுகளைக் கிள்ளிக்கொண்டிருந்தாள்.

“என்னடி பண்றே?”

“பூக்குறதுக்குள்ள வந்துடுறேன்னு சொல்லிட்டுத்தானே கணவாய்க்குப் போனான். பூத்துட்டா, பிள்ள வரலைன்னு ஆயிடுமே.”

அந்தக் கணவாயில் சரிந்த பனியை ஆறு நாள் தோண்டிவிட்டு, வெறுங்கையோடு திரும்பியவர்களில் சாதிரும் ஒருவன்.

அவள் பக்கத்தில் மெல்ல உட்கார்ந்தான்.

“அந்த இலைக்கடியில ஒண்ண விட்டுட்டே, பாரு” என்றான்.