இடது செருப்பு

இறந்தவரின் பொருள்களை ஓராண்டுக்குள் நினைவகத்தில் ஒப்படைத்துவிட வேண்டும் என்பது அந்தக் குடியிருப்பின் சட்டம். செலினும் தன் கணவன் அமலதாஸின் செருப்பு, சட்டை, கண்ணாடி எல்லாவற்றையும் கொடுத்தாள். அவற்றை வைத்து உருவாக்கிய அவனுடைய ஒளியுருவம் வீட்டுக்கு வந்து சேர்ந்தது.

அது இரண்டு கால்களையும் நேராக ஊன்றிக் கூடத்தில் நடந்தது. செலினுக்குப் பகீரென்றது. துறைமுகத்தில் இரும்புச் சங்கிலி காலில் விழுந்த நாளிலிருந்து அமலதாஸ் இடது காலை இழுத்து இழுத்துத்தான் நடப்பான். அந்தக் காலின் செருப்பே ஒரு பக்கமாகத் தேய்ந்து கிடக்கும்.

ஆறு வயது மகள் ஜெனிட்டா கைதட்டினாள். "அப்பா எப்பவும் இப்படித்தான நடப்பாங்க?"

செலின் மகளையும் இழுத்துக்கொண்டு நினைவகத்துக்கு ஓடினாள்.

"குறையை நீக்கித்தான் மேடம் கொடுப்போம். எல்லாரும் அதைத்தான் விரும்புறாங்க," என்றார் அதிகாரி.

"யாரைக் கேட்டு நீக்குனீங்க? அந்தக் காலோடதான் எம்புள்ளையத் தோள்ல தூக்கிட்டு ஏழு மாடி ஏறுனாரு. அதுவா குறை? செருப்பைக் குடுங்க!"

"அதையெல்லாம் உருவம் செஞ்ச அன்னைக்கே உருக்கியாச்சே."

செலின் மேசையிலிருந்த படிவத்தை வெடுக்கென்று இழுத்தாள். ஒளியுருவத்தை அழிக்கச் சொல்லி அங்கேயே கைரேகை வைத்தாள். வரிசையில் நின்ற அத்தனை பேரும் பார்க்க, இடது காலை இழுத்து இழுத்து நடந்து காட்டினாள்.

"பாத்துக்கோடி. உங்கப்பா இப்படித்தான் நடப்பாரு."

அந்த நடையைப் பார்த்ததும் ஏதோ நினைவு வந்தவளாக ஜெனிட்டா முகத்தைச் சுருக்கினாள். "இல்லம்மா. கையை இப்படித் தொடையில ஊனிக்கிடுவாங்க."

செலின் அதை மறந்தே போயிருந்தாள்.