ஏரிக்கரை வழி

“மொதல்ல அவருக்குக் குடுத்து அனுப்பிருங்க மேடம்” என்றார் செங்கோடன், ஜன்னலுக்குள் குனிந்து.

“அவரும் அதையேத்தானுங்க சொல்றாரு. இதென்ன கல்யாணப் பந்தியா, நீ மொதல்ல நீ மொதல்லன்னு நிக்கிறதுக்கு?” என்றாள் கோர்ட்டு குமாஸ்தா கோகிலவாணி.

இரண்டடி தள்ளி நின்ற சின்னுசாமி, அதுவரை வேப்பமரத்தையே பார்க்காதவர்போல, வளாகத்து வேப்பமரத்தை ஆராய்ந்துகொண்டிருந்தார்.

இருவருக்கும் பக்கத்துப் பக்கத்து வீடு. நடுவே ஒரே சுவர். நாலு வருடமாகப் பேச்சில்லை.

செங்கோடன் வீட்டு முருங்கைக் கிளை சுவர் தாண்டியது. கம்பளிப்பூச்சிகள் சின்னுசாமியின் தறிப்பாவு நூலில் இறங்கின. அவர் கிளையை வெட்டினார். செங்கோடன் ‘கொலை மிரட்டல்’ என்று புகார் கொடுத்தார். சின்னுசாமி மூன்று நாள் கம்பி எண்ணினார்.

வெளியே வந்த கையோடு அவர் ‘ஆயுதத்தால் தாக்கினான்’ என்று பதில் புகார் கொடுத்தார். ஆயுதம், வெட்டுப்பட்ட அதே முருங்கைக் கிளை. செங்கோடனுக்கும் மூன்று நாள்.

‘பழிக்குப் பழியாகத் தொடுக்கப்பட்டவை’ என்று சொல்லி, உயர் நீதிமன்றம் முப்பத்தோரு பக்கத்தில் இரண்டு வழக்குகளையும் ரத்து செய்தது. மகத்தான வெற்றி என்று இரண்டு வக்கீல்களும் தனித்தனியாக அறிவித்தார்கள். அதற்குள் கிளை திரும்ப வளர்ந்து சுவரைத் தாண்டியிருந்தது.

கேஸ் முடியும்வரை எதிர்க்கட்சியோடு ஒரு வார்த்தை பேசக்கூடாது என்பது வக்கீல் போட்ட கட்டளை. கேஸ் முடிந்துவிட்டது. காலையிலிருந்து செங்கோடனின் தொண்டையில் ஒரு ‘மாப்ள’ சிக்கிக்கொண்டு நின்றது. ஒரு காலத்தில் நாளுக்கு இருபது தடவை சுவர் தாண்டிப் போன சொல்.

இன்று பேசிவிட வேண்டும். ஆனால் அதற்கு முன், கோர்ட்டில் கிடக்கும் தன் மொபெட்டின் ஆர்.சி. புத்தகத்தை அவன் கண்ணில் படாமல் வாங்கிவிட வேண்டும். பார்த்தானென்றால் இருக்கிற ரோஷமும் போய்விடும்.

புத்தகம் இல்லாத வண்டியில் போலீசிடம் மாட்டக்கூடாதென்று நாலு வருடமாக அவர் எடப்பாடிக்கு ஏரிக்கரை வழியாகச் சுற்றித்தான் போய்வந்தார். அந்த ஒற்றைத் தடத்திலும் சின்னுசாமி தன் மொபெட்டில் எதிரே வந்து தொலைவார். வம்புக்கென்றே வருகிறான் என்று இவர் முறைப்பார். அவரும் முறைப்பார். இதை வைத்து இன்னொரு கேஸ் போடலாமே என்று வக்கீல்கூட ஆசைப்பட்டார்.

கோகிலவாணிக்குப் பொறுமை போய்விட்டது. புத்தகக் கட்டின் ரப்பர் பேண்டைக் கழற்றினாள்.

“சின்னுசாமிக்கு ஜாமீன் போட்ட செங்கோடன்! வந்து கையெழுத்துப் போடுங்க.”

செங்கோடனின் காது சூடானது. அன்றைக்குச் சொந்தபந்தம் ஒன்றும் எட்டிப் பார்க்கவில்லை. உள்ளே அவன் மூன்றாம் நாளாக உட்கார்ந்திருந்தான். மனசு கேட்கவில்லை. யாரிடமும் மூச்சு விடக்கூடாதென்று வக்கீல் குமாஸ்தாவிடம் சத்தியம் வாங்கிக்கொண்டு, ஜாமீனுக்கு ஈடாக இதே ஜன்னலில் நீட்டிய புத்தகம்.

கையெழுத்துப் போட்டார். திரும்பிப் பார்க்கத் தைரியம் வரவில்லை.

கோகிலவாணி அடுத்த புத்தகத்தை எடுத்தாள். படித்தாள். தலையைத் தூக்கி இருவரையும் பார்த்தாள். மறுபடி படித்தாள். இந்தமுறை அவள் குரல் இறங்கியிருந்தது.

“செங்கோடனுக்கு ஜாமீன் போட்ட சின்னுசாமி.”

வக்கீல் எங்கோ பிடித்துவந்த கூலி ஜாமீன்தான் தன்னை வெளியே எடுத்தது என்று செங்கோடன் நாலு வருடமாக நம்பிக்கொண்டிருந்தார்.

பக்கத்தில் வந்து நின்ற ஆள் கையெழுத்துப் போட வெகுநேரம் எடுத்துக்கொண்டார். பேனாவை வைத்துவிட்டு, ஜன்னல் கம்பியைப் பார்த்தபடியே கேட்டார்.

“அப்ப நீயும் புக்கு இல்லாமத்தான் ஏரிக்கரையில சுத்துனியா, மாப்ள?”